பெட்டி அணைந்த கதை

எங்கள் வீட்டுத் தொலைக்காட்சிப் பெட்டி என்னைவிட மூன்று வயது இளையது. 2006 முதல் 2011 வரை தமிழக அரசு இலவசமாக வழங்கிய 14 அங்குல வண்ணத் தொலைக்காட்சிகளுள் ஒன்று. தெருவில் பலர் வீட்டில் சுவரில் மாட்டும் தட்டைப் பெட்டிகள் வந்துவிட்டன. எங்களுடையது மட்டும் முதுகைத் தள்ளிக்கொண்டு ஸ்டூலின் மேல் உட்கார்ந்திருக்கிறது.

அம்மாவுக்கு அது வெறும் பொழுதுபோக்கு அன்று. சுளகை மடியில் வைத்து இரவு வெகுநேரம் பீடி சுற்றுகிறவளுக்குத் தூக்கம் வராமலிருக்க ஒரு பேச்சுக்குரல் வேண்டும். 1,000 பீடி என்றால் 25 பீடி கொண்ட 40 கட்டு. பெட்டி ஓடினால் 40-வது கட்டு விழும். ஓடாவிட்டால் 30-லேயே தலை சாய்ந்துவிடும்.

சென்ற கோடையில் அந்தப் பெட்டி தானாக அணையத் தொடங்கியது. படமும் குரலும் ஒன்றாகப் போய்விடும். சிறிது நேரம் கழித்துப் போட்டால் ஒன்றும் நடவாதது போல் வரும்.

“ஏய்யா, நீ கரண்டப் பத்தித்தான படிக்க? என்னன்னு பாரு” என்றாள் அம்மா. கூடவே, “சூடு ஏறித்தான் அணையுது போல. மழ பெஞ்ச அன்னைக்கு ரொம்ப நேரம் ஓடிச்சி” என்றும் சொன்னாள். நான் அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை. இயற்பியல் படிக்கிறவனுக்கு அம்மா காரணம் சொல்வதாவது!

மாலையில் எங்கள் தெருவில் குண்டு பல்பு மங்கி எரியும். எனவே, “மின்னழுத்தம் குறைகிறது, ஸ்டெபிலைசர் வாங்கினால் சரியாகிவிடும்” என்று தீர்ப்புச் சொன்னேன். வீட்டில் என் தீர்ப்புக்கு அப்பீல் கிடையாது. எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்தவன் நான் ஒருவன்தான். எந்தத் தாள் வந்தாலும் அப்பா என்னிடம்தான் நீட்டுவார். அந்தச் சனிக்கிழமை அம்மா பீடிக் கூலியிலிருந்து 1,400 ரூபாயை எண்ணிக் கொடுத்தாள். ஏறக்குறைய ஒரு வாரக் கூலி.

ஸ்டெபிலைசர் வந்தது. அதன் பச்சை விளக்கு அழகாக எரிந்தது. 20 நிமிடத்தில் பெட்டி அணைந்தது.

அம்மா ஒன்றும் சொல்லவில்லை. திட்டியிருந்தால் அன்றிரவு தூங்கியிருப்பேன்.

மறுநாள்தான் செய்முறை வகுப்பில் செய்வதை வீட்டில் செய்தேன். ஒரு நோட்டும் கடிகாரமும் எடுத்துக்கொண்டேன். குளிர்ந்த நிலையில் போட்டால் 22 நிமிடம். அணைந்ததும் மீண்டும் போட்டால் 4 நிமிடம், அதற்கடுத்து 2. அரைமணி ஓய்வு கொடுத்தால் 19. பின்புறம் மேசை விசிறியை வைத்தபோது 47! நல்ல மின்னழுத்தம் இருக்கும் நண்பகலிலும் அணைந்தது. ரிமோட்டில் நேரம் குறித்து அணைக்கும் வசதி இருக்கிறதே என்று அதையும் பார்த்தேன், அது இயக்கப்படவில்லை. இன்னொன்றும் கண்ணில் பட்டது. படம் போன பிறகும் பெட்டியின் முகப்பில் உள்ள சின்னச் சிவப்பு விளக்கு எரிந்துகொண்டே இருந்தது. அப்படியானால் பிளக்கில் குறையில்லை. மின்சாரம் உள்ளே வருகிறது. சூடேறியதும் உள்ளே ஏதோ ஒன்று விலகுகிறது. அம்மா முதல் நாளே சொன்னது இதைத்தான்.

பெட்டியைத் துணியில் கட்டி டவுனில் ஒரு பழைய மெக்கானிக்கிடம் கொண்டுபோனேன். “நீ திறந்தியா?” என்பதே அவருடைய முதல் கேள்வி. இல்லை என்றதும், “நல்லது. அணைச்ச பிறகும் கடிக்கும் தம்பி” என்றார். மின்தேக்கியில் தங்கும் ஆற்றலுக்குத் தேர்வில் எத்தனையோ கணக்குப் போட்டிருக்கிறேன். 100 மைக்ரோபாரட், 325 வோல்ட் என்றால் 5 ஜூலுக்கு மேல் வரும். அந்த விடை ஒருநாள் என் விரலைக் கடிக்கக்கூடும் என்று அதுவரை தோன்றியதில்லை.

அவர் பெட்டியை ஓடவிட்டுச் சூடேறும்வரை காத்திருந்தார். பிறகு உலர்ந்த மரக்குச்சியால் சர்க்யூட் பலகையை அங்கங்கே மெல்லத் தட்டினார். ஓரிடத்தில் தட்டியதும் படம் போயிற்று. மறுபடி தட்டியதும் வந்தது. “டிரை சால்டர்” என்று சொல்லிப் பிளக்கைப் பிடுங்கி, படக்குழாயில் தங்கிய மின்னூட்டத்தை இறக்கிவிட்டு, பூதக்கண்ணாடியை என்னிடம் கொடுத்தார். ஈ.எச்.டி. என்கிற மின்மாற்றியின் ஒரு காலைச் சுற்றி மயிரிழை போல் ஒரு கறுப்பு வளையம். 20,000 வோல்ட்டுக்கு மேல் எழுப்பித் தரும் உறுப்பு அது; ஓடும்போது சூடேறும். உலோகக் காலும் பலகையும் ஈயப்பற்றும் ஒரே அளவில் விரிவதில்லை. பல ஆண்டுகளாகத் தினமும் சூடேறி ஆறியதில் ஈயப்பற்று விரிசல் கண்டிருந்தது. குளிர்ந்தால் தொடும், சூடேறினால் விலகும். வெப்ப விரிவு எண் குறித்த கேள்விக்கு முதலாண்டுத் தேர்வில் முழு மதிப்பெண் வாங்கியவன் நான்!

பழைய ஈயத்தை உருக்கி எடுத்துப் புதிய ஈயம் வைத்தார். கூலி 150 ரூபாய்.

அன்றிரவு 40 கட்டும் முடிந்தன. வாங்கின கடையில் ஸ்டெபிலைசரைத் திரும்ப எடுத்துக்கொள்ளவில்லை. அம்மா அதன் மேல் நூற்கண்டுகளை அடுக்கி வைத்திருக்கிறாள். “அன்னைக்கே நீ சொன்னேம்மா” என்றேன். “நான் என்னத்தக் கண்டேன், வாயில வந்ததச் சொன்னேன்” என்று அடுத்த இலையை எடுத்தாள்.

சென்ற வாரம் எதிர்வீட்டு அக்கா மிக்சியைத் தூக்கிக்கொண்டு வந்தார். அது இடையிடையே நின்றுவிடுகிறதாம். “எம் மவன் பாத்துருவான்” என்று அம்மா சொல்லி அனுப்பியிருக்கிறாள். நான் நோட்டை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தேன்.

“எப்பெப்ப நிக்குக்கா? சட்னி அரைக்கையிலயா, மாவு அரைக்கையிலயா?”