தவில்காரரின் இடம்

நாடகமாயினும் திரைப்படமாயினும் நாயகனைப் பற்றியே பேசுவது நம்மிடையே ஊறிப்போன வழக்கம். அவனுக்குத் தோள்கொடுத்து நிற்கும் நடிகனின் உழைப்பு கணக்கில் வருவதில்லை. உழைப்பவனை மறந்து உடைமையாளனைப் போற்றும் சமுதாயத்தில் இது வியப்பன்று. ஆயினும், டி. எஸ். பாலையாவின் கலைவாழ்வை எண்ணும்போதெல்லாம் இவ்வழக்கத்தின் அநீதி என் நெஞ்சை உறுத்துகிறது.

1914இல் பிறந்த பாலையா, அமெரிக்கரான எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய ‘சதி லீலாவதி’யில் 1936இல் திரைக்கு வந்தார். நாயகனைக் குடிக்குப் பழக்கும் தீய நண்பன் வேடம் அவருக்கு. கெட்டழிந்த நாயகன் இலங்கைக்கு ஓடிவந்து தேயிலைத் தோட்டத்தில் கூலியாகிறான். எம். ஜி. ஆருக்கும் அதுவே முதற்படம். பின்னர் அவர் நாயகனானார். பாலையா 1972இல் மறையும் வரை பெரும்பாலும் நாயகனுக்கு அடுத்த இடத்திலேயே நின்றார். ஆனால் அந்த இடத்தை அவர் சிறிதாக்கிக் கொள்ளவில்லை. அண்ணாவின் ‘வேலைக்காரி’யில் (1949), நாயகனுக்கு அறிவு கொளுத்தும் நண்பன் மணி அவரே.

1960களில், மண்முனையில் பாலம் வராத அந்நாட்களில், படுவான்கரையிலிருந்து நாங்கள் பாதையேறி வாவியைக் கடந்து படம் பார்க்கப் போவோம். ‘காதலிக்க நேரமில்லை’யில் (1964) நாகேஷ் பேய்க்கதை சொல்லும் காட்சிக்குக் கொட்டகையே அதிர்ந்தது. கதை சொல்பவர் நாகேஷ். எங்கள் கண்களோ கேட்டுக்கொண்டிருந்த பாலையாவின் முகத்தில் இருந்தன. அந்த முகத்தில் அச்சம் படிப்படியாக ஏறியிராவிட்டால் அக்கதைக்கு உயிரேது? பிறர் பேசும்போது கேட்பதும் நடிப்பே என்பதை அன்று நான் கண்டேன்.

‘திருவிளையாடல்’ (1965) படத்தில் ஹேமநாத பாகவதரின் குரல் பாலமுரளிகிருஷ்ணாவுடையது. அக்குரலுக்குச் செருக்கை முகத்தாலும் உடலாலும் தந்தவர் பாலையா. ‘தில்லானா மோகனாம்பாள்’ (1968) படத்தில் சிவாஜியின் நாதஸ்வரத்துக்குத் தவில் வாசிக்கும் முத்துராக்கு அவர். துணைநடிகனின் தொழிலுக்கு இதனினும் பொருத்தமான வேடம் வேறில்லை.

எங்கள் மட்டக்களப்புக் கூத்தில் மத்தளக்காரரின் நிலை வேறு. மத்தளம் ஏந்தும் அண்ணாவியாரே கூத்தைப் பழக்குபவர். களரியை நடத்துபவரும் அவரே. அரசன் வருகையைக் கூறவரும் கட்டியகாரனுக்கும் வட்டக்களரியில் தனி வரவுப் பாட்டும் ஆட்டமும் உண்டு. அவன் ஆடி முடிக்கும்வரை அரசன் காத்திருக்கத்தான் வேண்டும். இதனால் கூத்தில் ஏற்றத்தாழ்வே இல்லையென்று நான் சொல்லவில்லை. உடுப்புச் செலவு தாங்கக்கூடிய வீட்டுப் பிள்ளைக்கு அரச வேடம் போனதை நானே பார்த்திருக்கிறேன். ஆனால் வரவுப் பாட்டை எவரும் பறித்ததில்லை. திரையில் அந்த வரவு எழுதித் தரப்படுவதில்லை. பாலையா போன்றவர்கள் தம் திறமையால் அதைத் தாமே உண்டாக்கிக் கொண்டார்கள்.

நான் ஆசிரியனாயிருந்த காலத்தில், பள்ளி நாடகமொன்றில் காவலன் வேடம் கிடைத்த மாணவன் ஒருவன் ஒத்திகைக்கு வர மறுத்தான். அவன் வாவியில் வலைவீசும் ஒருவரின் மகன். “எங்களுக்கெல்லாம் வேல் பிடிக்கிற வேலைதானே சேர் தருவீங்க” என்றான். அவன் சொல்லில் வேடத்தைப் பற்றிய குறை மட்டுமா இருந்தது? பிறப்பையும் வறுமையையும் பார்த்து இடம் ஒதுக்கும் உலகத்தை அவன் அதற்குள் அறிந்திருந்தான். சிறிய வேடத்திலும் பெருமை உண்டென்று அவனுக்குப் போதிப்பது எளிது. அரச வேடம் யாருக்கு, எதனால் போகிறது என்று கேட்பதுதான் கடினம். மறுநாள் எல்லா வேடங்களையும் எல்லாப் பிள்ளைகளும் வாசித்துப் பார்க்கச் செய்து, திறமை கண்டு பங்கிட்டோம். அவனுக்கு அமைச்சன் வேடம் கிடைத்தது. காவலனாக வந்தவனுக்கு ஒரு வரவுப் பாட்டு எழுதினோம்.

பாலையாவைப் போற்றுவதென்றால் இவ்விரண்டையும் சேர்த்தே செய்யவேண்டும். இரண்டாம் இடத்தில் நிற்பவனின் உழைப்பை மதிக்கவேண்டும். அந்த இடத்தில் அவனை நிறுத்தியது எது என்றும் கேட்கவேண்டும். முதலாவதை மட்டும் செய்தால் அது வெறும் ஆறுதல் வார்த்தையாகவே போய்விடும்.