வயலினே இனிஷியல்

உங்கள் பெயருக்கு முன்னால் நிற்கும் இனிஷியலை ஒரு நிமிஷம் நினைத்துப் பாருங்கள். தகப்பனார் பெயரின் முதல் எழுத்து அது. கல்யாணமானால் பலருக்குக் கணவர் பெயரின் எழுத்து. தகப்பனார் யாரென்றே தெரியாத பெண்ணுக்கு எந்த எழுத்தைப் போடுவது?

இத்தாலியில், வெனிஸ் நகரத்தில், இதற்கு ஒரு விசித்திரமான பதில் கிடைத்தது. அங்கே 'பியெத்தா' என்றோர் அனாதை ஆசிரமம் இருந்தது. வளர்க்க வழியற்றவர்கள் கைக்குழந்தையை அதன் சுவரிலிருந்த ஒரு பொந்தில் வைத்துவிட்டுப் போய்விடுவார்கள். அப்படி வந்த பெண் குழந்தைகளில் ஞானம் உள்ளவர்களுக்கு ஆசிரமத்தார் சங்கீதம் கற்பித்தார்கள். வயலின், செல்லோ, ஓபோ, ஆர்கன் எல்லாம் பெண்களே வாசித்தார்கள். 1703-ல் அவர்களுக்கு வயலின் சொல்லிக் கொடுக்க வந்த வாத்தியாருக்கு வயது 25. செம்பட்டைத் தலை கொண்ட இளம் பாதிரியார். அவர்தான் விவால்டி!

அவருடைய மாணவிகளில் சிறந்தவள் அன்னா மரியா. குலப் பெயர் கிடையாது. ஆகவே ஊரார் 'அன்னா மரியா தால் வியோலின்' என்றார்கள். வயலின் அன்னா மரியா என்று அர்த்தம். ஓபோ வாசித்த பெலெக்ரினா, 'பெலெக்ரினா தால் ஓபோ' ஆனாள். பெற்றவர்கள் தராத பெயரை வாத்தியம் தந்தது! அன்னா மரியாவுக்காக விவால்டி இருபதுக்கும் மேற்பட்ட உருப்படிகள் எழுதினார்.

1739-ல் வெனிஸுக்கு வந்த டி பிராஸ் என்ற பிரெஞ்சுக்காரர், ஒரு கச்சேரியில் சுமார் 40 பெண்கள் வாசித்ததாக எழுதியிருக்கிறார். ஆனால் அவர்கள் முகம் யாருக்கும் தெரியாது. மாடத்தில், கம்பி வலைக்குப் பின்னாலிருந்துதான் வாசிக்க வேண்டும்.

இன்னொரு நிபந்தனையும் உண்டு. கல்யாணம் செய்துகொண்டால் ஆசிரமமே சீதனம் கொடுக்கும். ஆனால் அதன் பிறகு பொதுவில் வாசிக்கக் கூடாது.

இதைப் படித்ததும் எனக்குக் கோபம் வந்தது. அப்புறம் என் பெரியம்மாவின் ஞாபகமும் வந்தது. பெண் பார்க்க வந்தவர்கள் வீணை வாசிக்கச் சொல்லிக் கேட்டுச் சந்தோஷப்பட்டார்கள். கல்யாணமான பிறகு அந்த வீணை உறைக்குள்ளே போயிற்று. வெளியே வரவே இல்லை. வெனிஸுக்கும் நமக்கும் ரொம்ப தூரம் என்று யார் சொன்னது?

அன்னா மரியா வில்லைக் கீழே வைக்கவில்லை. அந்த ஆசிரமத்திலேயே ஆசிரியையாகிப் பல பெண்களைத் தயார் செய்தாள். 1782-ல் காலமானாள்.

இப்போது விவால்டி காலத்துச் சங்கீதத்துக்கென்றே ஐரோப்பாவில் சின்னச் சின்ன வாத்தியக் குழுக்கள் இருக்கின்றன. பதினைந்து, இருபது பேர்தான். பழைய வழக்கப்படி ஆட்டுக் குடலில் திரித்த தந்தி, அந்தக் காலத்து வில். அவற்றில் பெண்கள் கம்பி வலை இல்லாமல், மேடையில் நின்று வாசிக்கிறார்கள். கல்யாணமானவர்களும்தான்!

சந்தர்ப்பம் கிடைத்தால் அவசியம் கேளுங்கள். வயலின் தனியாகத் துள்ளி ஓடும் இடம் வரும்போது, முகம் காட்டாமல் அதை வாசித்த பெண்களையும் கொஞ்சம் நினைத்துக்கொள்ளுங்கள். உங்கள் வீட்டு மூலையில் உறை போட்ட வீணை ஒன்று இருந்தால், கேட்டு முடித்த கையோடு அதை எடுத்துத் தூசி தட்டிச் சுருதி கூட்டிப் பாருங்களேன்!