ஒரே படம்... ஒரே நாயகி!

தூத்துக்குடியில் பிறந்து சினிமாவுக்குப் போனவர் யார் என்று கேட்டால் யோசிக்காமல் வரும் பதில் ஜே.பி. சந்திரபாபு. பி.கே. ரோசி யார் என்று கேட்டுப் பாருங்கள். இங்கிருந்து தெற்கே சில மணி நேரப் பயணத்தில் இருக்கிறது நாகர்கோவில். அங்கேதான் அவர் தன் மீதி வாழ்நாளைக் கழித்தார். ஆனாலும் பெரும்பாலானவர்கள் உதட்டைப் பிதுக்குவார்கள்.

மலையாள சினிமாவின் முதல் கதாநாயகி அவர். நடித்தது ஒரே படம். பெயர் 'விகதகுமாரன்'. பேசாத படம். எடுத்தவர் அகஸ்தீஸ்வரத்துக்காரரான ஜே.சி. டேனியல். சொத்தை விற்றுப் படம் எடுத்தார், கதாநாயகனும் அவரே. (படம் வெளிவந்தது 1928-ஆ, 1930-ஆ என்று இன்னும் விவாதம் நடக்கிறது.)

ரோசி புல் அறுத்துப் பிழைத்த புலையர் சமூகத்துப் பெண். தமிழும் மலையாளமும் கலந்து வரும் காக்காரிசி நாடகத்தில் நடித்துப் பழகியவர். டேனியல் அவருக்குக் கொடுத்தது சரோஜினி என்ற நாயர் பெண் வேடம்.

வந்தது வினை! திருவனந்தபுரம் கேபிடல் தியேட்டரில் முதல் காட்சி. அதைப் பார்க்க ரோசிக்கே அனுமதி இல்லை. தாழ்த்தப்பட்ட ஒரு பெண் திரையில் நாயர் பெண்ணாக வருவதா, அவள் கூந்தலில் இருந்த பூவை நாயகன் முத்தமிடுவதா என்று கொதித்தார்கள். திரை மீது கல் பறந்தது. பிறகு அவருடைய குடிசையும் எரிக்கப்பட்டது.

ஒரு லாரியில் ஏறித் தப்பினார் ரோசி. லாரி ஓட்டுநரையே மணந்து, ராஜம்மாள் என்ற பெயரில் நாகர்கோவிலில் வாழ்ந்தார். மறுபடி நடிக்கவே இல்லை. படத்தின் பிரதியும் இன்று கிடையாது.

டேனியலுக்கும் நட்டம்தான். அடுத்த படம் எடுக்காமல் பல் மருத்துவரானார், 1975-ல் இறந்தார். ஆனால் 1992 முதல் கேரள அரசு அவர் பெயரில் விருது தருகிறது. ஒரே படத்தில் இருவரும் தோற்றார்கள். முதலில் நினைவுக்கு வந்தவர் டேனியல்தான்.

ரோசியின் முறை வர இன்னும் காலம் பிடித்தது. 2013-ல் கமல் இயக்கிய 'செல்லுலாய்டு' படம் இந்தக் கதையைச் சொன்னது. 2023 பிப்ரவரி 10 அன்று கூகுள் தன் முகப்பில் அவர் படத்தை வரைந்தது.

ஆனால் ஒன்று யோசியுங்கள் நண்பர்களே. திரையில் சில நிமிடம் வேறு சாதிப் பெண்ணாக நடித்ததற்கு வீட்டை எரித்தார்கள். அதன்பின் உயிர் பிழைக்க வாழ்க்கை முழுவதும் வேறு பெயரில் இருக்க வேண்டி வந்தது. அந்த இரண்டாவது நடிப்புக்கு எந்த விருதைக் கொடுப்பது?