எழுபது பைசா வட்டி

எங்கள் மதுரைப் பக்கத்துக் கிராமங்களில் வட்டியை ஆண்டுக்கு இத்தனை சதவீதம் என்று யாரும் சொல்வதில்லை. நூறு ரூபாய்க்கு மாதம் எவ்வளவு என்பதுதான் பேச்சு. ஒரு ரூபாய் வட்டி என்றால் சொந்தத்துக்குள் கொடுத்துக்கொள்வது. இரண்டு ரூபாய், வெளியாளிடம் வாங்குவது. மூன்று, ஐந்து என்று போனால் ஆஸ்பத்திரி அவசரம், இல்லையென்றால் கல்யாண அவசரம். எண்பதாயிரத்துக்கு ஒன்றரை ரூபாய் வட்டியில் ஏழு மாதத்துக்கு எவ்வளவு என்று கேட்டால், எழுதப் படிக்கத் தெரியாத பெண்கள்கூட விரலை மடக்காமல் எட்டாயிரத்து நானூறு என்பார்கள்.

2024-ல் என் அக்காள் மகன் கூடுவாஞ்சேரியில் ஒரு தனி வீடு வாங்க வங்கிக் கடனுக்குப் போட்டிருந்தான். அனுமதிக் கடிதம் வந்ததும் ஊருக்கு எடுத்துவந்தான். கடன் 50 லட்சம், வட்டி 8.5 சதவீதம், காலம் 20 ஆண்டு, மாதத் தவணை 43,391 ரூபாய். கூட்டுறவு வங்கியில் கடன் பிரிவில் இருந்து ஓய்வுபெற்றவன் என்பதால் கடிதம் என் கைக்கு வந்தது. திண்ணையில் உட்கார்ந்திருந்த அவனுடைய அப்பத்தா, "நூத்துக்கு எம்புட்டு விழுகுது?" என்று கேட்டார். எழுபது பைசா என்றேன். அவரால் நம்ப முடியவில்லை. அந்த வட்டிக்குக் கூடப்பிறந்தவன்கூடக் கொடுக்கமாட்டானே என்றார். கொஞ்ச நேரம் கழித்து இன்னொன்று கேட்டார்: "மாசம் நாப்பத்திமூவாயிரம் கட்டுறான்ல, அதுல அசல்ல எம்புட்டுக் கழியும்?"

கடன் பிரிவில் வேலை பார்த்த காலத்தில் என் மேசைக்கு எதிரே உட்கார்ந்த படித்தவர்களில் இந்தக் கேள்வியைக் கேட்டவர்கள் மிகக் குறைவு. "மாசம் எவ்வளவு வரும்?" என்பார்கள். வரும் தொகை சம்பளத்துக்குள் அடங்குகிறதா என்று பார்ப்பார்கள். அடங்கினால் கையெழுத்து. அடங்காவிட்டால் காலத்தை நீட்டி அடக்கிக்கொள்வார்கள்.

முதல் மாதக் கணக்கை அவருக்குச் சொன்னேன். 50 லட்சத்துக்கு 8.5 சதவீதத்தில் ஒரு மாத வட்டி 35,417 ரூபாய். கட்டுகிற 43,391-ல் அது போக மிச்சம் 7,974 ரூபாய்தான் அசலில் கழியும். அடுத்த மாதம் அசல் அந்த அளவு குறைந்திருப்பதால் வட்டி ஐம்பத்தாறு ரூபாய் குறையும். அப்படித்தான் அது ஊர்ந்து போகும். இதில் ஏமாற்று எதுவும் கிடையாது. பாக்கி நிற்கிற அசலுக்குத்தான் வட்டி போடுகிறார்கள். ஆனால் தொடக்கத்தில் பாக்கி மலையாய் நிற்பதால் கட்டுவதில் பெரும்பகுதியை வட்டி எடுத்துக்கொள்கிறது. ஐந்து ஆண்டு முடியும்போது அவன் 26 லட்சம் கட்டியிருப்பான். அசல் குறைந்திருப்பது ஆறு லட்சத்துக்கும் கீழே. பத்து ஆண்டு, அதாவது பாதிக் காலம், கழிந்த பின்னும் 35 லட்சம் பாக்கி நிற்கும். தவணையில் வட்டியைவிட அசல் அதிகமாகக் கழியத் தொடங்கப் பன்னிரண்டாம் ஆண்டின் கடைசி மாதங்கள் வந்தாக வேண்டும். இருபது ஆண்டும் முடிந்தால் கட்டிய மொத்தம் ஒரு கோடியே நாலு லட்சம். 50 லட்சம் கடனுக்கு 54 லட்சம் வட்டி.

கிராமத்து இரண்டு ரூபாய் வட்டி இதைவிட ஏறக்குறைய மூன்று பங்கு கொடியது. ஆனால் அந்தக் கடனை அறுப்புக்குள் அடைக்க வேண்டும் என்ற பதைப்பு வாங்கிய அன்றே தொடங்கிவிடும். மாதாமாதம் வட்டிப் பணத்தை எண்ணிக் கொடுக்கிற கைக்கு அதன் வலி தெரியும். வீட்டுக் கடன் தவணையோ சம்பளம் ஏறிய கையோடு கணக்கிலிருந்து தானாகப் போய்விடுகிறது. இரண்டு மூன்று ஆண்டில் அது பழகிப்போகிறது. மலிவான வட்டி, நீண்ட காலம், வலி தெரியாத பிடித்தம் என்ற மூன்றும் சேரும் இடத்தில்தான் வீட்டின் விலை இரண்டு பங்காகிறது.

காலத்தைப் பற்றி இன்னும் சொல்ல வேண்டும். அதே கடனை 30 ஆண்டுக்கு வாங்கினால் தவணை 38,446 ரூபாய். மாதம் ஐயாயிரம் ரூபாய் மிச்சம்போலத் தெரியும். ஆனால் மொத்த வட்டி 54 லட்சத்திலிருந்து 88 லட்சமாகும். மறுபக்கம் 15 ஆண்டுக்குப் போனால் மாதம் 5,846 ரூபாய் கூடுதலாகக் கட்ட வேண்டும். வட்டி 38 லட்சத்துச் சொச்சத்தில் நின்றுவிடும். கால் சதவீத வட்டிக்காக நாலு வங்கி ஏறி இறங்குகிறவர்கள்கூடக் காலத்தைப் பற்றி அவ்வளவு யோசிப்பதில்லை. "நீளமாப் போட்டுக்குங்க சார், பிறகு பாத்துக்கலாம்" என்று முகவர் சொன்னால் தலையாட்டிவிடுகிறார்கள்.

அப்படி ஒத்திப்போட்டால் என்ன ஆகும் என்பதை 2022-ல் பார்த்தோம். அதற்கு முந்தைய இரண்டு ஆண்டு ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் கொடுக்கும் ரெப்போ விகிதம் 4 சதவீதத்தில் இருந்ததால் வீட்டுக் கடன் 6.7 சதவீதத்துக்குக்கூடக் கிடைத்தது. 2022 மே மாதம் தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 6.5 சதவீதத்துக்குப் போனது. 2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் கொடுத்த மாறும் வட்டிக் கடன்கள் வெளி அளவுகோலோடு, பெரும்பாலும் ரெப்போவோடு, கட்டப்பட்டவை என்பதால் முழு இரண்டரை சதவீதமும் கடன்காரர் தலையில் ஏறியது. 2022 தொடக்கத்தில் 20 ஆண்டுத் தவணையில் 30 லட்சம் வாங்கியவரின் மாதத் தவணை 22,722 ரூபாய். வட்டி 9.2 ஆனபோது 30 லட்சத்துக்கு மாத வட்டியே 23,000 ரூபாய். அதற்குள் அசலில் கழிந்த சொற்பத்தைத் தள்ளிப் பார்த்தாலும் தவணை ஏறக்குறைய முழுதும் வட்டிக்கே போனது. தவணையைக் கூட்டுவதற்குப் பதில் காலத்தை நீட்டிய இடங்களில், ஓய்வு வயதைத் தாண்டியும் கடன் போனது. பலருக்கு அது ஒரு குறுஞ்செய்தியாக வந்து, படிக்கப்படாமலே போனது. 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை போட்டது: வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று கடன்காரரைக் கேட்க வேண்டும், நீட்டிக்கொண்டே போய்த் தவணை வட்டிக்குக்கூடப் போதாத நிலை வரக் கூடாது. நல்ல விதி. வாங்கியவர் தன் கணக்கை ஆண்டுக்கு ஒருமுறையாவது எடுத்துப் பார்த்தால்தான் அது பயன்படும்.

வட்டி இறங்கும்போதும் இதே கவனம் வேண்டும். 2025 பிப்ரவரியில் தொடங்கி டிசம்பருக்குள் ரெப்போ 5.25-க்கு இறங்கியது. அக்காள் மகனின் கடனும் 7.25 சதவீதத்தை ஒட்டி வந்தது. தவணையைக் குறைத்துத் தரட்டுமா என்று வங்கியில் கேட்டார்களாம். வேண்டாம், பழைய தொகையே போகட்டும், காலத்தைக் குறையுங்கள் என்று எழுதிக் கொடுக்கச் சொன்னேன். கையிலிருந்து ஒரு பைசா கூடுதலாகப் போகாமல் ஏறக்குறைய மூன்று ஆண்டு குறைந்தது.

வட்டி அல்லாத செலவுகளும் இருக்கின்றன. 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையான கடனில் வீட்டு மதிப்பில் 80 சதவீதம்தான் வங்கி தரும். அவன் வீடு 62.5 லட்சம், கையிலிருந்து போட வேண்டியது 12.5 லட்சம். அதற்கு மேல் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2, ஆக 9 சதவீதம். இன்னொரு ஐந்தரை லட்சத்துக்கு மேல். இதை வங்கி மதிப்பில் சேர்க்காது. எந்தக் குடும்பத்திலும் இந்தப் பணம் சும்மா இருப்பதில்லை. மனைவியின் நகை அடகுக்குப் போகும், பி.எஃப். பணத்தில் கை வைப்பார்கள், சீட்டைத் தள்ளி எடுப்பார்கள், தனிநபர் கடன் வாங்குவார்கள். எழுபது பைசாக் கடனுக்கு வாசல் திறக்க அதைவிட வட்டி கூடிய கடன்கள் முன்னால் நிற்கின்றன. பிறகு, கடனோடு ஒட்டி வருகிற காப்பீடு. ஒரே தவணையாக ஒன்றரை லட்சம் பிரீமியம் என்று சொல்லி அதையும் கடனிலேயே சேர்த்துவிடுவார்கள். 20 ஆண்டு வட்டியோடு அது மூன்று லட்சத்தைத் தாண்டும். காப்பீடு அவசியம் வேண்டும். சம்பாதிக்கிறவர் போய்விட்டால் வீடும் போகக் கூடாது. ஆனால் அதைத் தனியாக டெர்ம் பாலிசியாக எடுத்துக்கொள்ளலாம். கடனோடு சேர்த்துத்தான் வாங்க வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை.

வருமான வரிச் சலுகை ஈடுகட்டிவிடும் என்பார்கள். பழைய முறையில் குடியிருக்கும் வீட்டுக்கு ஆண்டுக்கு இரண்டு லட்சம் வட்டிக்குத்தான் கழிவு. அவன் முதலாண்டு கட்டும் வட்டி நாலு லட்சத்து இருபதாயிரம். புதிய முறையில் குடியிருக்கும் வீட்டு வட்டிக்குக் கழிவே இல்லை.

இவ்வளவு சொல்வதால் வீடு வாங்காதே என்பவன் அல்ல நான். வாடகையும் ஆண்டுதோறும் ஏறுகிறது. காலி செய்யச் சொன்னால் பிள்ளைகளின் பள்ளிக்கூடத்தோடு சேர்த்துக் குடும்பத்தைப் பெயர்த்து எடுக்க வேண்டியிருக்கிறது. இருபதாவது ஆண்டில் கட்டும் 43,391 ரூபாய் இன்றைய 43,391 போல் கனக்காது என்பதும் உண்மை. அதற்குள் சம்பளம் பலமுறை ஏறியிருக்கும். எனக்குப் பிடிபடாதது ஒன்றுதான். சம்பளம் ஏற ஏறத் தவணையும் ஏன் ஏறுவதில்லை? இந்தக் கடனிலேயே ஆண்டுக்கு 5 சதவீதம் தவணையைக் கூட்டிக்கொண்டே போனால் வட்டி மாறாவிட்டாலும் பன்னிரண்டு ஆண்டு சொச்சத்தில் கடன் முடிந்துவிடும். வட்டியில் 19 லட்சத்தை ஒட்டி மிச்சம். ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகப் போட்டாலே மூன்று ஆண்டுக்கு மேல் குறையும். தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012-லேயே சொல்லிவிட்டது.

எப்போது போடுகிறோம் என்பது, எவ்வளவு போடுகிறோம் என்பதைவிடப் பெரிது. முதலாண்டு முடிவில் ஒரு லட்சம் அசலில் கட்டினால் கடைசியில் பதினோரு தவணை கழிந்துவிடும். வட்டியில் மட்டும் மூன்று லட்சத்து எண்பதாயிரம் மிச்சம். அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் மிச்சம் ஐம்பதாயிரம்தான். ஆனால் நம் வீடுகளில் முதல் இரண்டு மூன்று ஆண்டுகளில் என்ன நடக்கிறது? புதுமனை புகுவிழாவுக்கு முந்நூறு பேருக்குச் சாப்பாடு. மாடுலர் கிச்சன், அறைக்கு அறை கபோர்டு, ஃபால்ஸ் சீலிங், ஏசி. அது போதாமல் அதே வீட்டின் மேல் டாப்-அப் கடன். ஒரு ரூபாய் நாலு ரூபாயாக உழைக்கக்கூடிய ஆண்டுகளில் பணம் பிளைவுட்டுக்குப் போகிறது. "ரிட்டயர்மென்ட் பணம் வந்ததும் மொத்தமா அடைச்சிரலாம்" என்று ஆறுதல் சொல்லிக்கொள்கிறார்கள். அந்தப் பணம் வரும்போது வட்டியின் பெரும்பகுதி ஏற்கெனவே கட்டப்பட்டிருக்கும். மிஞ்சியிருப்பது பெரும்பாலும் அசல்தான். அதற்காகக் கிராஜுவிட்டியைக் கரைத்துவிட்டு, மருந்துச் செலவுக்குப் பிள்ளைகள் முகத்தைப் பார்க்க வேண்டியதாகிவிடும். என்னோடு வேலை பார்த்த பலருக்கு இது நடந்ததைப் பார்த்தவன் என்ற உரிமையில் சொல்கிறேன்.

ரூபாயில் எழுத முடியாத ஒரு செலவும் உண்டு. பிடிக்காத வேலையைத் தவணைக்காக விடாமல் இருப்பது, அப்பாவின் கண் அறுவைச் சிகிச்சையை அடுத்த போனஸுக்குத் தள்ளிப்போடுவது, மனைவிக்கு மேலே படிக்க ஆசை இருந்தும் அந்தப் பேச்சையே எடுக்காமல் இருப்பது. கடன் ஐந்து ஆண்டு முன்னால் முடிந்தால் இவையும் ஐந்து ஆண்டு முன்னால் நடக்கும். நான் கணக்குப் போட்டுக் காட்டும் ஒவ்வொரு வீட்டிலும் இதைத்தான் அழுத்திச் சொல்கிறேன்.

அக்காள் மகனிடம், கபோர்டு வேலையை இரண்டு படுக்கையறையோடு நிறுத்திக்கொள், மீதி இரண்டு லட்சத்தை அசலில் கட்டு என்றேன். "வீட்டுக்கு வர்றவங்க என்ன மாமா நினைப்பாங்க?" என்றான். அவன் மனைவிதான் பதில் சொன்னாள், பரணில் அட்டைப் பெட்டிகளை அடுக்கிவைத்துத் திரை போட்டுவிடலாம் என்று. கட்டிவிட்டார்கள். வங்கியில் தவணையைக் குறைக்காமல் காலத்தைக் குறைக்க வேண்டும் என்று எழுத்தில் வாங்கிக்கொண்டார்கள்.

அவர்களிடம் இப்போதே சொல்லிவைத்திருப்பது இன்னொன்று. கடன் முழுதும் அடைந்ததும் முப்பது நாளுக்குள் மூலப் பத்திரங்களை வங்கி திருப்பித் தர வேண்டும். 2023 டிசம்பர் முதல் அமலில் உள்ள விதிப்படி, வங்கியின் காரணமாகத் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. பத்திரத்தை வாங்கி பீரோவில் வைத்ததோடு வேலை முடிந்துவிடாது. கடன் வாங்கியபோது அடமானத்தைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்திருப்பார்கள். அடைத்ததற்கான ரசீதையும் அங்கே பதிவு செய்து, புதிதாக ஒரு வில்லங்கச் சான்று போட்டுப் பார்க்க வேண்டும். அதைச் செய்யாத வீடுகளில் கடன் முடிந்து பல ஆண்டு கழித்தும் வில்லங்கச் சான்றில் அடமானம் நிற்கிறது. பிள்ளைகள் விற்கவோ பாகம் பிரிக்கவோ போகும்போது, பழைய கிளை வேறொரு கிளையோடு சேர்ந்துபோயிருக்கும். கையெழுத்துப் போட வேண்டிய அதிகாரியைத் தேடி அவர்கள் அலைய வேண்டியிருக்கும்.