பார்க்கப்பட்டவர், கேட்பவர்

விளம்பர அழகி, நடிகை, சமையல் நூலாசிரியர், தொலைக்காட்சித் தொகுப்பாளர் எனப் பத்மா லட்சுமியின் பணியைத் துண்டு துண்டாக வாசிப்பது எளிது. கோலார் தங்க வயலில் உணவும் புலப்பெயர்வும் குறித்துக் களப்பணி செய்துவரும் எனக்கு, அது ஒரே பயணமாகத் தெரிகிறது: பார்க்கப்பட்டவர் கேட்பவராக மாறிய பயணம்.

1970இல் சென்னையில் பிறந்து, நான்கு வயதில் அமெரிக்கா சென்றவர் அவர். பதினான்கு வயதில் நேர்ந்த கார் விபத்து வலக்கையில் நீண்ட தழும்பை விட்டுச்சென்றது. மறைக்க வேண்டிய குறையாக இருந்த அத்தழும்பே, ஹெல்மட் நியூட்டன் எடுத்த படங்களுக்குப் பின் அவரது அடையாளமாயிற்று. ஆயினும் மாடலிங்கில் பேசியது உடல் மட்டுமே. ‘கிளிட்டர்’ (2001), ‘பூம்’ (2003) ஆகிய திரைப்படங்களில் அவர் பேசியது பிறர் எழுதிய வசனம். 2006இல் ‘டாப் செஃப்’ நிகழ்ச்சியில் தீர்ப்புரைக்கும் இருக்கையில் அமர்ந்தார். 2020இல் வெளிவந்த ‘டேஸ்ட் தி நேஷன்’ தொடரில்தான் கேள்விகள் முழுமையாக அவருடையவை ஆயின. எல் பாசோவின் எல்லைப்புறச் சமையலறைகளிலும், தென் கரோலினாவின் கல்லா கீச்சி மக்களிடையேயும் அமர்ந்து, ஓர் உணவின் வழியே குடியேற்றத்தையும் அடிமை முறையையும் பேசவைத்தார்.

தங்க வயல் மக்களும் நெடுங்காலம் பார்க்கப்பட்டவர்களே. 1880 முதல் இங்குச் சுரங்கம் நடத்திய ஜான் டெய்லர் நிறுவனத்துக்கு அவர்கள் கூலிக்கணக்கு. ‘கே.ஜி.எஃப்’ (2018) படத்துக்கு அவர்கள் புழுதி படிந்த பின்னணி. ‘தங்கலான்’ (2024) அவர்தம் மூதாதையரை நாயகராக்கியது. ஆனால் 2001 பிப்ரவரி 28 அன்று சுரங்கங்கள் மூடப்பட்ட பின், விடியுமுன் இரயிலேறிப் பெங்களூருக்கு வேலைக்குச் செல்லும் பெண்களிடம் யார் கேட்டார்?

சாம்பியன் ரீஃப் லைன் வீடொன்றில் ஒரு மூதாட்டி சொன்னார்: “கம்பெனியப் பத்தி எல்லாரும் கேப்பாங்க. களியப் பத்தி நீதாம்மா கேக்குற.” கணவரின் ஷிஃப்ட் மாறும்போதெல்லாம் தம் உறக்கமும் உலை வைக்கும் வேளையும் மாறியதை அவர் விவரித்தார். அந்த உழைப்புக்கு எந்தப் பேரேட்டிலும் பதிவில்லை.

இந்த ஒப்புமைக்கு எல்லையும் உண்டு. பத்மா தமிழ்ப் பிராமணக் குடும்பத்தவர். வடாற்காட்டிலிருந்து இங்கு வந்த சுரங்கத் தொழிலாளரில் பெரும்பாலோர் தலித்துகள். அவர்களது உணவு தீண்டாமையின் நினைவையும் சுமக்கிறது. எனவே அவரது கேள்விமுறையைக் கைக்கொள்ளும் நாம், கேட்பவர் எவ்விடத்தில் நின்று கேட்கிறார் என்பதையும் சேர்த்தே எழுத வேண்டும்.

தங்க வயலின் பேரப்பிள்ளைகள் இன்று பல்கலைக்கழகங்களில் பயில்கின்றனர். ஆவணக் காப்பகங்கள் காத்திருக்கும். பாட்டிமார் காத்திருக்க இயலாது. விடுமுறைக்கு ஊர் செல்லும் மாணவர்கள் முதலில் அடுப்படியில் அமர வேண்டுகிறேன்.