படகு நிற்க முதல் அரசு வரவேண்டும்

 

2025 நவம்பர் கடைசியில் டித்வா புயல் நாட்டையே புரட்டிப் போட்டது. 600க்கும் மேற்பட்ட உயிர்கள் போயின. மலையகத்தில் மண்சரிவு குடும்பம் குடும்பமாக அள்ளிக்கொண்டு போனது. அவர்களோடு பார்த்தால் நெடுந்தீவில் இருந்த எங்களுக்குப் பெரிய இழப்பில்லை, அல்ஹம்துலில்லாஹ். ஆனாலும் ஒன்றைச் சொல்லியாக வேண்டும்.

ஜனாதிபதி அநுர குமார திசாநாயக்க அவசரகால நிலையைப் பிரகடனம் செய்தார். பாதிக்கப்பட்ட வீடுகளைத் துப்புரவாக்க 25,000 ரூபாய் அறிவித்தார்கள். நல்ல காரியங்கள்தான். ஆனால் கொழும்பில் எடுக்கும் முடிவு எங்களிடம் வந்து சேர, குறிகட்டுவானில் இருந்து படகு ஓட வேண்டுமே! கடல் குமுறினால் அந்த ஒரு மணித்தியாலப் பயணம் நாள்கணக்கில் இல்லை. கடையில் மாவும் பால்மாவும் குறையக் குறைய நாங்கள் எண்ணிக்கொண்டிருந்தோம். யாருக்காவது பிரசவ வலி வந்தால் யாழ்ப்பாணம் போதனா வைத்தியசாலைக்கு எப்படிக் கொண்டுபோவது என்பதுதான் எல்லார் வாயிலும்.

தீவுக்கான நிவாரணம் புயலுக்கு முதலே வந்து இறங்கியிருக்க வேண்டும். இதைக் கொழும்பில் எடுத்துச் சொல்ல யார் இருந்தார்கள்?

சுனாமிக்குப் பிறகு, 2005இல் அனர்த்த முகாமைத்துவச் சட்டம் வந்தது. ஜனாதிபதி தலைமையிலான தேசிய சபையில் மாகாண முதலமைச்சர்களுக்கும் அது இடம் வைத்தது. வட மாகாண சபையின் காலமோ 2018 ஒக்டோபரில் முடிந்துவிட்டது. அதற்குப் பிறகு தேர்தலும் இல்லை, முதலமைச்சரும் இல்லை. டித்வா வந்தபோது எங்கள் கதிரை வெறுமையாகக் கிடந்தது. 2024இல் யாழ் மாவட்டத்தில் தேசிய மக்கள் சக்திக்கு 3 ஆசனம் கிடைத்தது. வாக்குக் கேட்டு வந்தவர்களிடம் கணக்குக் கேட்க எங்களுக்கு உரிமை இருக்கிறது.

நாங்கள் கேட்பது பெரிய விடயமில்லை. ஒவ்வொரு வருடமும் மாரி தொடங்க முதல் நெடுந்தீவு, நயினாதீவு, அனலைதீவு, எழுவைதீவில் உலர் உணவு, மருந்து, எரிபொருள் இருப்பில் இருக்க வேண்டும். நிறைமாதத் தாய்மாரை நேரத்தோடு அக்கரைக்கு அழைத்துப் போக வேண்டும். எச்சரிக்கை சிங்களத்தில் வரும் அதே நேரத்தில் தமிழிலும் வர வேண்டும்.

2025 மே 6இல் நாங்கள் வாக்களித்துத் தெரிவுசெய்த பிரதேச சபை உறுப்பினர்கள் எங்கள் ஊரில்தான் இருக்கிறார்கள். பள்ளிவாசல், கோயில், தேவாலயம், விகாரை என்று பாராமல் எல்லா நிர்வாகங்களும் ஒரே கடிதத்தில் கையொப்பம் வைத்து அவர்களிடமும் பிரதேச செயலாளர்களிடமும் கொடுப்போம். அடுத்த மாரிக்கு முதல் பதில் வாங்குவோம், இன்ஷா அல்லாஹ்.