பரமத்தி மைதானத்தில் இரண்டு நாடுகள்

சேலத்தில் கரூர் பேருந்து ஏறி மல்லூரைத் தாண்டினால் நிலம் விரிந்துகொண்டே போகிறது. இடப்பக்கம் போதமலை, அதற்கும் அப்பால் கொல்லிமலை. சாலையை ஒட்டிக் குச்சிக்கிழங்குக் காடுகள், கோழிப்பண்ணைகளின் நீண்ட கொட்டகைகள், நாமக்கல் நெருங்க நெருங்க லாரிக்கு பாடி கட்டும் பட்டறைகள். இந்தப் பக்கத்தில் விளையாட்டு என்றால் கிரிக்கெட், அதற்கடுத்து கபடி. சின்னப்பம்பட்டி நடராஜன் 2020 கடைசியில் ஆஸ்திரேலிய மண்ணில் இந்தியாவுக்காகப் பந்து வீசிய பிறகு, ஸ்டம்பு நடாத காலிமனையே சேலம் மாவட்டத்தில் இல்லை என்று தோன்றும். நான் அன்று கால்பந்து பார்க்கப் போனேன். இந்தியாவும் இலங்கையும் மோதிய ஆட்டங்களைப் பற்றிப் பேச இந்தச் சமவெளியில் ஆள் இருக்கிறார் என்று நண்பர் ஒருவர் சொல்லியிருந்தார். நாமக்கல்லில் கூட்டம் இறங்கிவிட்டது. பரமத்தியில் நான் இறங்கினேன்.

பரமத்தி வேலூர் என்றால் நம் எல்லோருக்கும் வெற்றிலைக் கொடிக்கால் நினைவுக்கு வரும், காவிரி வரும். இங்கே ஓர் இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாமும் இருக்கிறது. ஊர்க்காரர்களுக்கு அது 'கேம்ப்பு'. வழி கேட்டதற்கு டீக்கடைக்காரர், "சிலோன்காரங்க பந்து ஆடறதுங்களா? நேரா போங்க, சத்தமே வழி சொல்லிப்போடும்" என்றார். 1983 முதல் கடல் தாண்டி வந்த 3 லட்சத்துக்கும் மேற்பட்டவர்களை மண்டபம் முகாமில் பதிந்து, பிறகு தமிழகம் முழுக்கப் பிரித்து அனுப்பியபோது உருவானவை இம்முகாம்கள். மன்னார்க் கடற்கரையில் வலை இழுத்தவர்களைக் கடலே தெரியாத நாமக்கல் காட்டில் குடிவைத்தார்கள். இப்போதும் நூற்றுக்கும் மேற்பட்ட முகாம்களில் 50 ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் இருக்கிறார்கள். வெளியாள் உள்ளே போக அனுமதி வேண்டும். மைதானத்துக்கு யார் அனுமதியும் வேண்டாம்.

மைதானம் என்பது முள் வெட்டிய ஒரு தரிசு. கோல் கம்பத்துக்குச் சவுக்குக் கழிகள். முகாம் வீடுகளின் வரிசையை வைத்துப் பையன்கள் இரண்டு கட்சியாகப் பிரிந்திருந்தார்கள். பாதிப் பேருக்குக் காலில் பூட்ஸ் இல்லை. ஆனால் பந்து தரையை விட்டு எழவே இல்லை. சின்னச் சின்ன பாஸ், உடனே நகர்வு, மறுபடி பாஸ். யாரோ பொறுமையாகச் சொல்லிக்கொடுத்த ஆட்டம் என்பது இரண்டு நிமிடத்தில் தெரிந்துவிட்டது. சொல்லிக்கொடுத்தவர் வேப்பமர நிழலில் பிளாஸ்டிக் நாற்காலியில் இருந்தார். 1990-ல் மன்னாரிலிருந்து வந்தவர். பெயின்ட் வேலை பார்த்துப் பிள்ளைகளைப் படிக்க வைத்தவர். வயது எழுபதை நெருங்குகிறது.

"இருங்கோ தம்பி. இந்தப் பாதி முடியட்டும், கதைப்பம்."

இலங்கையின் வடக்கு, கால்பந்து ஊறிய மண். நாவாந்துறை சென்மேரிஸ், பாசையூர் சென்அன்ரனிஸ், குருநகர் பாடும்மீன், இளவாலை யங்ஹென்றிசியன்ஸ் என்று அவர் கழகப் பெயர்களை அடுக்கியபோது, நம்மூர்ப் பெரியவர்கள் பாடல்பெற்ற தலங்களைச் சொல்லும் மதிப்பு அந்தக் குரலில் இருந்தது. மீன்பிடிக் கிராமங்களில் தேவாலயத்தை ஒட்டிய வெளியே மைதானம். கடலுக்குப் போகாத மாலைகளில் ஆட்டம்.

இலங்கை தன் முதல் சர்வதேச ஆட்டத்தை ஆடியதே இந்தியாவுடன்தான், 1952-ல், கொழும்பில். அதே ஆண்டு அங்கே இந்தியா, பாகிஸ்தான், பர்மா, இலங்கை நான்கும் மோதிய கொழும்புக் கோப்பை தொடங்கியது. அடுத்தடுத்த ஆண்டுகளில் ரங்கூன், கல்கத்தா, டாக்கா என்று அது சுற்றிவந்தது. முதல் முறை பாகிஸ்தானுடன் பகிர்ந்துகொண்டதைத் தவிர, 1955 வரை கோப்பை இந்தியாவிடமே இருந்தது. அது இந்தியக் கால்பந்தின் பொற்காலம். 1951 டெல்லி ஆசிய விளையாட்டில் தங்கம், 1956 மெல்பர்ன் ஒலிம்பிக்கில் நான்காமிடம், 1962 ஜகார்த்தாவில் மறுபடி தங்கம். 1960 ரோம் ஒலிம்பிக்கில் பெரு நாட்டுக்கு எதிராக இந்தியா போட்ட ஒரே கோல் தஞ்சாவூர் சைமன் சுந்தர்ராஜின் கோல். ஒலிம்பிக் கால்பந்தில் இந்தியா கடைசியாகப் போட்டதும் அதுதான். அப்படிப்பட்ட அணியிடம், டோக்கியோ ஒலிம்பிக்குக்கான தகுதிச் சுற்றில் 1963-ல் இலங்கை இரண்டு ஆட்டங்களில் 5–3, 7–0 என்று தோற்றது. பெரியவருக்கு அந்த 3 முக்கியம். "இந்தியாவுக்கு மூண்டு அடிச்சவங்கள்" என்று விரல் நீட்டினார். நானும் அதையே எடுத்துக்கொள்கிறேன். அன்றைய இந்தியாவுக்கு எதிராக மூன்று கோல் போட்டுவிடுவது ஆசியாவில் எத்தனை அணிக்கு வாய்த்தது?

பிறகு வந்த காலத்தில் இரண்டு நாடுகளுமே கால்பந்தைக் கைவிட்டன. கிரிக்கெட் எல்லாவற்றையும் வாரிக்கொண்டது. இலங்கையில் அதோடு போரும் சேர்ந்தது. 1993-ல் லாகூரில் தெற்காசியப் போட்டி புதிதாகத் தொடங்கியபோது இந்தியா முதலிடம், இலங்கை இரண்டாமிடம். அடுத்தது 1995-ல் கொழும்பில் நடந்தது. நான் கேட்க வந்தது இந்த ஆண்டைப் பற்றித்தான்.

1995 ஜனவரியில் அரசுக்கும் விடுதலைப் புலிகளுக்கும் போர்நிறுத்தம் ஏற்பட்டது. சந்திரிகா புதிதாக ஆட்சிக்கு வந்திருந்தார். இந்த முறை நிலைக்கும் என்று முகாம்களில் பேச்சு. சிலர் தட்டுமுட்டுச் சாமான்களைக் கட்டிவைத்து, ஊர் திரும்பப் பெயர் கொடுக்கலாமா என்று விசாரித்துக்கொண்டிருந்தார்கள். ஏப்ரல் தொடக்கத்தில் இறுதி ஆட்டம், இலங்கைக்கும் இந்தியாவுக்கும். முழு நேரத்திலும் கோல் இல்லை. கூடுதல் நேரத்தில் முதலில் கோல் போடுபவருக்கே வெற்றி என்ற விதி. இலங்கை போட்டது. 1–0. தெற்காசியக் கோப்பையை இலங்கை வென்றது அந்த ஒரு முறைதான், இன்றுவரை.

முகாமில் அவர் வீட்டு வரிசையில் ஒரே ஒரு ரேடியோ இருந்ததாம். முடிவைக் கேட்டதும் இளைஞர்கள் கத்திக்கொண்டு வெளியே ஓடினார்கள். பெரியவர்கள் வாயைப் பொத்தினார்கள். அடைக்கலம் கொடுத்த நாடு தோற்றதற்கு இங்கே கூச்சல் போடலாமா? தங்களை விரட்டிய நாடு வென்றதற்குத்தான் மகிழலாமா? "எனக்குச் சந்தோசம்தான் தம்பி. ஏன் சந்தோசம் எண்டு கேட்டா சொல்லத் தெரியேல்லை. அண்டு இரவு நித்திரை இல்லை." அந்த ஏப்ரல் 19-ல் போர்நிறுத்தம் முறிந்தது. ஆண்டு முடிவதற்குள் யாழ்ப்பாணமே இடம்பெயர்ந்தது. கட்டிவைத்த சாமான்களைப் பரமத்தியில் மறுபடி அவிழ்த்தார்கள்.

அதற்குப் பின் இந்த மோதலின் கணக்கு ஒரு பக்கமே சாய்ந்தது. 2015-ல் திருவனந்தபுரத்தில் இந்தியா 2–0, 2018-ல் டாக்காவில் மறுபடி 2–0. 2021 அக்டோபரில் மாலேயில் மட்டும் ஓர் அதிசயம் நடந்தது. உலகத் தரவரிசையில் 205-ஆம் இடத்தில் இருந்த இலங்கை, 107-ஆம் இடத்திலிருந்த இந்தியாவை, சுனில் சேத்ரி ஆடியும், 0–0 என்று நிறுத்திவிட்டது. கோப்பையை முடிவில் இந்தியாதான் வென்றது. இலங்கை நிறுத்திய அந்த ஆட்டத்தை முகாம் பையன்கள் கைப்பேசியில் பார்த்திருக்கிறார்கள். 2023-ல் தெற்காசியப் போட்டி பெங்களூருக்கு வந்தது. சேலத்திலிருந்து ஒரு பகல் பயணம். ஆனால் நிர்வாகத்தில் அரசுத் தலையீடு என்று ஃபிஃபா அப்போது இலங்கையைத் தடைசெய்திருந்தது. பக்கத்தில் வந்த ஆட்டமும் இவர்களுக்கு இல்லாமல் போனது.

இடைவேளையில் தண்ணீர் குடிக்க வந்த ஒருவனிடம் பேச்சுக் கொடுத்தேன். பெரியவரின் பேரன். பதினாறு வயது, இடது பின்கள ஆட்டக்காரன். நாமக்கல் அரசு மருத்துவமனையில் பிறந்தவன். அவன் அப்பாவே இங்கே முகாமில் வளர்ந்தவர். தாத்தாவிடம் மன்னார்த் தமிழிலும் என்னிடம் கொங்குத் தமிழிலும் பேசினான். இந்தியாவும் இலங்கையும் ஆடினால் யார் பக்கம் என்று கேட்டேன். "சேத்ரி இருந்தா இந்தியாங்கண்ணா" என்றான். நீ ஆடுவதானால் யாருக்கு ஆடுவாய் என்று கேட்டிருக்கக்கூடாது. கேட்ட பிறகுதான் அவன் தாத்தா முகம் திரும்பியதைப் பார்த்தேன். "யார் பாஸ்போர்ட் குடுப்பாங்கண்ணா?"

ஒரு நாட்டின் அணியில் ஆட அந்நாட்டுக் குடியுரிமை வேண்டும் என்பது ஃபிஃபா விதி. இந்திய மண்ணில் பிறந்தாலே குடிமகன் என்ற நிலை 1987 ஜூலை 1-ல் முடிந்துவிட்டது. அதன்பின் பிறந்தவர்களுக்குப் பெற்றோரில் ஒருவராவது இந்தியராக இருக்க வேண்டும். 2004 கடைசியில் விதி இன்னும் இறுகியது. 2019 திருத்தச் சட்டம் பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தான் மூன்றை மட்டும் சொன்னது, இலங்கையைச் சொல்லவில்லை. இலங்கைப் பெற்றோருக்கு வெளிநாட்டில் பிறந்த பிள்ளை என்று சென்னைத் துணைத் தூதரகத்தில் பதிந்து அந்தக் குடியுரிமை பெறலாம். அதற்கு அப்பா, தாத்தா காலத்துக் காகிதம் வேண்டும். அவை பலருக்கு மன்னாரில் எரிந்தன, அல்லது படகில் நனைந்தன.

இலங்கை அணியோ இப்போது உலகமெங்கும் வம்சாவளி தேடுகிறது. ஜெர்மனியில் பிறந்த கிளாடியோ கம்மர்க்நெக்ட், இங்கிலாந்தில் பிறந்த டிலன் டி சில்வா போன்றவர்கள் வந்து அந்தச் சட்டை அணிகிறார்கள். நல்ல காரியம், அணி தேறியும் வருகிறது. இந்தியாவும் வெளிநாட்டு வம்சாவளி ஆட்டக்காரர்களைப் பற்றிப் பேசத் தொடங்கிவிட்டது. ஜெர்மனிக்கும் இங்கிலாந்துக்கும் எட்டுகிற கண்ணுக்குப் பரமத்தி ஏன் படுவதில்லை? நாமக்கல் மண்ணில் பிறந்து, இங்கே பள்ளிக்குப் போய், இந்த வெயிலில் ஓடும் பையனுக்கு இந்தியச் சட்டை அணியும் உரிமை வேண்டும் என்றே நான் நினைக்கிறேன். இலங்கைச் சட்டைதான் வேண்டும் என்று அவன் சொன்னால், காகிதம் கேட்டு அலைக்கழிக்காமல் கொழும்பு அதைத் தரவேண்டும். இரண்டில் ஒன்று. புலம்பெயர்ந்த தமிழர்கள் தமிழீழம் என்ற பெயரில் ஓர் அணி அமைத்து, ஃபிஃபாவில் இடமில்லாதவர்களுக்கான கொனிஃபா போட்டியில் 2014-ல் ஸ்வீடனிலும் 2018-ல் லண்டனிலும் ஆடினார்கள். அங்கே போகவும் பாஸ்போர்ட் வேண்டும்.

இரண்டாம் பாதி தொடங்கிவிட்டது. பெரியவர் நாற்காலியை விட்டு எழுந்து கோட்டருகே நின்று, "டேய், ஏறிப் போகாதே, இடத்திலே நில்!" என்று பேரனை அதட்டிக்கொண்டிருந்தார். எருமப்பட்டிப் பக்கம் மேட்டுப்பட்டி முகாமுடன் ஞாயிற்றுக்கிழமை ஆட்டம் இருக்கிறது, போன முறை இவர்கள் தோற்றிருக்கிறார்கள், அதுவும் இடது பக்கம் திறந்து கிடந்ததால். அதைச் சரிசெய்ய அவருக்கு மூன்று மாலைகள் இருந்தன.